அப்பாவின் கடைசி ஆவி

அப்பாவுக்குப் பேய், பிசாசில் நம்பிக்கை கிடையாது. ஆனால் பேயை வைத்துத்தான் எங்களுக்குச் சோறு போட்டார். மாதம் ஒரு நாவல். ஒரு மாதம் கொலை என்றால் அடுத்த மாதம் ஆவி.

நான் கொதிகலன் பொறியாளர். ஆலைகளில் பாய்லர் பரிசோதிப்பது என் வேலை. "எனக்கும் என் பொண்ணுக்கும் ஆவியிலதான் பொழப்பு. அவளோடது சுடும், என்னோடது சுடாது" என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்வார்.

எழுதுவதற்கென்று தனி அறை இல்லை. காலையில் அம்மா காய் நறுக்கும் சாப்பாட்டு மேசையில் எதிரே உட்கார்ந்துகொள்வார். எழுதி முடித்த தாளை அப்படியே அம்மா பக்கம் தள்ளுவார். அம்மா கையைத் துடைத்துக்கொண்டு படிப்பாள்.

"மூணாம் பக்கத்துலயே போட்டுத் தள்ளிட்டீங்களா? பாவம், இப்பதானே அவனுக்குக் கல்யாணம் நிச்சயமாச்சு."

"அதனாலதான் சீக்கிரம் அனுப்பிட்டேன். புண்ணியமாப் போகும்."

வெளியில் போனாலும் இதே பேச்சுதான். ஒருமுறை பேருந்தில், "பிணத்தை எங்க வைக்கறதுன்னுதான் புரியல" என்று அம்மாவிடம் உரக்கச் சொன்னார். முன்னிருக்கைக்காரர் அடுத்த நிறுத்தத்திலேயே இறங்கிப் போய்விட்டார்.

அட்டைப்படம் வரைபவர் கதையைப் படிப்பதே இல்லை. எல்லா அட்டையிலும் ஒரு பெண் அலறுவாள். "கதையில பொம்பளையே கிடையாதேப்பா" என்று அப்பா தொலைபேசியில் கேட்டார். "வரைஞ்சாச்சே சார்" என்று பதில் வந்தது. அன்று சாயங்காலமே கதைக்குள் ஒரு பெண் வந்து அலறிவிட்டுப் போனாள்.

அவருடைய ஆவிக் கதைகளுக்கு ஒரு விதி உண்டு. கடைசி அத்தியாயத்தில் ஆவி பிடிபட வேண்டும். கம்பி, கண்ணாடி, சொத்துக்கு ஆசைப்பட்ட மச்சான் என்று ஏதாவது காரணம் வெளிவர வேண்டும். "பயமுறுத்திட்டு அப்படியே விட்டுட்டுப் போறவன் அயோக்கியன்" என்பார். நான் வேலைக்குச் சேர்ந்த பிறகு காரணம் தயாரிக்கும் பொறுப்பு எனக்கு வந்தது. கதவு தானாகத் திறக்க வேண்டுமா? சூட்டில் வளையும் உலோகப் பட்டை. சுவர் முனக வேண்டுமா? குழாயில் அடைபட்ட நீராவி. சொன்னதும் சின்னப் பிள்ளை மாதிரி கை தட்டுவார்.

கடைசி நாவலில் மட்டும் முரண்டு பிடித்தார். அதில் ஒரு விதவை. அடுப்பில் எதையாவது வைத்துவிட்டு மறந்துபோவாள். பதறி ஓடி வந்தால் அடுப்பு அணைந்திருக்கும். செத்துப்போன புருஷன்தான் வந்து அணைக்கிறான் என்று நம்புகிறாள்.

"எப்படிம்மா அணையும்?" என்று கேட்டார்.

"டைமர் வெச்ச வால்வு."

"வேணாம்."

"காஸ் அழுத்தம் குறைஞ்சா..."

"அதுவும் வேணாம்மா."

"பின்ன என்னதான்ப்பா வேணும்?"

"யோசிப்போம். என்ன அவசரம்?"

அந்த வாரமே மாரடைப்பில் போய்விட்டார். கடைசி அத்தியாயம் எழுதப்படாமல் நின்றது.

சில நாட்கள் கழித்துப் பதிப்பாளர் அழைத்தார். "பாதிக் கதையை அச்சடிக்க முடியாதும்மா. நீங்க முடிச்சுக் குடுத்தா வரும். இல்லன்னா அவ்வளவுதான்."

வராமல் போக விடக்கூடாது என்று உட்கார்ந்தேன். மச்சானையும் டைமர் வால்வையும் சேர்த்து விதிப்படி முடித்தேன். தொழில்நுட்பத்தில் பிழை இல்லை. அம்மாவிடம் கொடுத்தேன்.

படித்துவிட்டு நிமிர்ந்தாள். "அப்போ, அவர் வரவே இல்லைங்கறியா?"

"யாரும்மா?"

"கதையிலதான். அவ புருஷன்."

"அப்பாவோட விதியே அதுதானேம்மா."

"விதி எனக்குத் தெரியாதா? இத்தனை வருஷமா முதல்ல படிச்சது யாரு?" தாள்களை மேசையில் தட்டி அடுக்கினாள். "அடுப்பை மறக்கறது நான்டி. உங்கப்பா எழுந்து போய் அணைச்சுட்டு, ஒண்ணும் சொல்லாம வந்து உட்காருவார். அதுக்குப் போய் வால்வு வைக்கறியே."

தாள்களை வாங்கிக்கொண்டேன். பதிப்பாளரை அழைத்தேன். "காரணம் சொல்லாம முடிக்கப்போறேன் சார்."

"அவர் பேர்லயா? வாசகர்கள் திட்டுவாங்களேம்மா."

"திட்டட்டும் சார். என் நம்பரைக் குடுங்க."

"சரி, அனுப்புங்க" என்றார்.

மறுபடி எழுதினேன். இரண்டே பக்கம். விதவை சமையலறை வாசலுக்கு வருகிறாள். அவன் அடுப்பருகில் நிற்கிறான். வலது கையால் குமிழைத் திருப்பி அணைக்கிறான். அவளைத் தாண்டிப் போகிறான். அவ்வளவுதான்.

அம்மா நிதானமாகப் படித்தாள். திரும்பவும் படித்தாள்.

"எல்லாம் சரி. இடது கைன்னு மாத்திடு."

"ஏன்?"

"வலது கையில பேனா இருக்குமே."

மாற்றினேன்.