அரம் கீறிய கோட்டுக்குக் கீழே

பூட்டுக்காரருக்கு யார் மீதும் நம்பிக்கை இல்லாமல் போனதற்கு அவருடைய தொழில்தான் காரணம். எந்தப் பூட்டையும் திறந்துவிடுவார். அதனால் எந்தப் பூட்டையும் நம்பமாட்டார். சாவியை உள்ளே வைத்துப் பூட்டிவிட்டுப் பரிதாபமாக வந்து நிற்பவரிடம்கூட, "வீடு உங்களுதுதானா?" என்று கேட்டுவிட்டுத்தான் பையை எடுப்பார். அவருடைய கடை ஓர் அலமாரி அகலம். அதற்கு மூன்று பூட்டுகள்.

களாப்பழக் காலத்தில் அவர் இன்னும் மோசம். பழைய செங்கல் சூளைக்குப் பின்னால் முட்புதர்களில் தானாகக் காய்க்கும் அந்தப் பழத்தில் பாகு காய்ச்சுவது அவருடைய ஒரே ஆசை. இடம் மனைவிக்குக்கூடத் தெரியாது. எதிர்த்திசையில் கிளம்பிச் சுற்றிக்கொண்டு போவார். திரும்பும்போது கூடைக்கு மேல் கருவிப் பையைப் போட்டு மறைத்திருப்பார். கையெல்லாம் என்ன கீறல் என்று கேட்டால், "பூனை" என்பார்.

காய் கலந்தால் அதன் பால் பாகில் பிசுபிசுக்கும் என்று, கருத்துப் பழுத்ததை மட்டும் பொறுக்குவார். வேகவைத்து மசித்துத் துணியில் கட்டித் தொங்கவிடுவார். பிழியமாட்டார், பிழிந்தால் கலங்கும். வடிந்த சாற்றில் சர்க்கரை போட்டுக் கொதிக்கவிட்டு, நுரையை வழித்தெறிந்து, கொதிக்கக் கொதிக்கப் பாட்டிலின் கழுத்துவரை ஊற்றி மூடி, அடுப்படியை ஒட்டிய சிறிய அறையில் அடுக்குவார்.

இந்த வருடம் வீட்டில் மைத்துனன் இருந்தான். அச்சகத்தில் வேலை போய், அக்கா வீட்டுக்கு வந்திருந்தான். "மாமா, ஒரு வாய் ருசி பாக்கலாமா?" என்று அவன் அடுப்பருகே வந்து நின்றதும் பூட்டுக்காரர் பாத்திரத்தை மறைத்துக்கொண்டு நின்றார். அன்றுதான் முதல்முறையாகப் பாட்டில்களுக்கு அடையாளம் வைத்தார். சாவி தேய்க்கும் முக்கோண அரத்தால், பாகு நிற்கும் மட்டத்தில் மெல்லிய கோடு. ஆறும்வரை பொறுக்கவில்லை. அதற்குள் யார் கை வைப்பார்களோ?

மறுநாள் பார்த்தால், எல்லாப் பாட்டிலிலும் பாகு கோட்டை விட்டு ஒரு விரல் அகலம் இறங்கியிருந்தது.

"எல்லாத்துலயும் கொஞ்சம் கொஞ்சமா. கெட்டிக்காரன்!" என்று முணுமுணுத்தார்.

அறைக்குப் பூட்டுப் போட்டார். அடுத்துக் காய்ச்சியதிலும் அதே கதை. பூட்டில் ஒரு கீறல் இல்லை. மைத்துனன் கடைக்குச் சாப்பாடு கொண்டுவந்த நாட்களையெல்லாம் நினைத்துப் பார்த்தார். பக்கத்தில் உட்கார்ந்து தொழிலைத் திருடிக்கொண்டானா?

ஒரு மத்தியானம் சாப்பிடும்போது மைத்துனன் எதற்கோ வாய்விட்டுச் சிரித்தான். நாக்கு கருஞ்சிவப்பாக இருந்தது.

"நாக்கை நீட்டுடா."

"என்ன மாமா, ஊசி போடப்போறீங்களா?"

"திருட்டுப் பயலே, என் பாகைத் தொட்டியா இல்லையா?"

மைத்துனன் தட்டை ஒதுக்கிவிட்டு எழுந்தான். "உங்க பாட்டிலை நான் தொடலை" என்று மட்டும் சொல்லிவிட்டுத் துணிகளை அடுக்கப் போனான்.

மனைவி கரண்டியைக் கீழே வைத்தாள். "அவன் போனா நானும் கூடப் போறேன். திரும்பி வருவேன்னு நினைக்காதீங்க."

"குறையுதே, அதுக்கு என்ன சொல்ற?"

"அடுப்புல கொதிக்குதுல்ல, அதை ஊத்தி எடுத்துக்கிட்டு நீங்களே உள்ள போய்த் தாழ்ப்பாள் போட்டு உக்காருங்க. அப்பவும் குறைஞ்சா யார் நாக்கை நீட்டச் சொல்றீங்கன்னு பாக்குறேன்!"

அப்படியே செய்தார். பாட்டிலை முக்காலியில் வைத்துக் கோடு கிழித்துவிட்டு எதிரே உட்கார்ந்தார். முதலில் ஜன்னலைக் கண்காணித்தார். பிறகு கதவிடுக்கை. வெளியே பெட்டி மூடும் சத்தம் கேட்டது. திரும்பிப் பாட்டிலைப் பார்த்தார். பாகு கோட்டை விட்டு நகர்ந்திருந்தது.

கண்ணைக் கசக்கிக்கொண்டார். மூடியைத் துணியால் பிடித்துத் திருகிப் பார்த்தார், இறுக்கமாக இருந்தது. முக்காலியைத் தடவினார், ஈரமில்லை. தொட முடியாமல் சுட்ட பாட்டில் வெதுவெதுப்பாக ஆக ஆக, பாகு இன்னும் இறங்கியது. சூட்டில் பொங்கி நின்றது, ஆறினால் சுருங்குகிறது. இத்தனை வருடமும் சுருங்கியிருக்கும். கோடு போட்டுப் பார்க்க அப்போது வீட்டில் திருடன் இல்லை.

வெளியே வந்தார். மனைவி பையைத் தோளில் மாட்டியிருந்தாள். மைத்துனன் செருப்புக்குள் காலை நுழைத்துக்கொண்டிருந்தான்.

"ஆறினா இறங்குது" என்றார் பூட்டுக்காரர். "யாரும் எடுக்கலை."

"அதை என்கிட்ட சொல்லாதீங்க" என்றாள் மனைவி.

மன்னிப்புக் கேட்டுப் பழகாத வாய். கூடையை எடுத்து மைத்துனனிடம் நீட்டினார். "வா, பழம் பறிக்கிற இடத்தைக் காட்டுறேன்."

மனைவி பையை இறக்கினாள். அவளுக்கே கிடைக்காத மரியாதை அது. மைத்துனன் கூடையை வாங்கிக்கொண்டான்.

வழியெல்லாம் பூட்டுக்காரர் பின்னால் யாராவது வருகிறார்களா என்று திரும்பிப் பார்த்துக்கொண்டே நடந்தார். "யார்கிட்டயும் மூச்சு விடக்கூடாது."

"சரி மாமா."

பாதை இரண்டாகப் பிரியும் இடத்தில், செருப்பில் புகுந்த கல்லை எடுக்கக் குனிந்தார். நிமிர்ந்தால், மைத்துனன் கேட்காமலே சூளைப் பக்கம் திரும்பி, பழகிய வழியில் போவதுபோல் போய்க்கொண்டிருந்தான்.

"டேய், நில்லு! உனக்கு எப்படித் தெரியும்?"

"நாக்கு எங்க சிவந்துச்சுன்னு நினைச்சீங்க? தினம் புதர்லயே பறிச்சுத் தின்னேன். சொன்னா அதுக்கும் சண்டைக்கு வருவீங்கன்னுதான் வாயை மூடிக்கிட்டேன்."

பூட்டுக்காரர் அவனை எட்டிப் பிடித்தார். குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டார்:

"வேற யாருக்கெல்லாம் தெரியும்?"