முக்கால் டைல்

காசியின் வேலை தோலை அளப்பது. ஆம்பூரில் ஒரு தோல் கம்பெனி. பதனிட்டு, சாயம் ஏற்றி, பளபளப்புக் கொடுத்து முடித்த தோல் கடைசியாக அவனிடம் வரும். அளக்கும் மெஷினுக்கு இந்தப் பக்கம் நின்று அவன் தோலை விரித்து உள்ளே விடுவான். உருளைகள் இழுத்துக்கொள்ளும். அந்தப் பக்கம் சத்தார் பாய் வாங்கி அடுக்குவார். தோலின் உள்புறத்தில் எத்தனை சதுர அடி என்ற எண் விழுந்திருக்கும். கால், அரை, முக்கால் வரை. கால் அடிக்குக் கீழே உலகத்தில் எதுவும் இல்லை என்று மெஷின் நினைத்துக்கொண்டிருந்தது.

ஒரு தோலைப்போல இன்னொன்று இருக்காது. கழுத்து, வயிறு, கால் இருந்த இடத்தின் மிச்சம். நாள் முழுக்கப் பார்த்தால் நாடுகளின் படம்போலத் தெரியும். வளைகுடாக்கள், முனைகள், நடுவில் ஈக்கடியின் தழும்பு ஒரு ஏரிபோல. காசி நின்ற இடத்திலேயே சில நாடுகளுக்குப் போய்வந்திருக்கிறான்.

கலவை ஊர்ப் பக்கத்திலிருந்து இருபது வயதில் வந்தவன். முதலில் ஈரத் தோல் பிரிவு, பிறகு சாயம், பிறகு இது. மனைவி ஷர்மிளா வேலூர் சத்துவாச்சாரிக்காரி. ஷூ கம்பெனியில் மேல்தோல் தைக்கிறாள். கல்யாணமாகி ஐந்து வாடகை வீடுகள். ஒரு வீட்டுக்காரர் ஆணி அடிக்கக் கூடாது என்றார். இன்னொருவர் தண்ணீர்க் குடத்தை எண்ணினார். குழந்தை இல்லை. அதைப் பற்றிப் பேசுவதை எந்த வீட்டில் நிறுத்தினார்கள் என்று இருவருக்கும் ஞாபகமில்லை.

ஆறாவது வீடு பைபாஸுக்கு அப்பால், ரயில் பாதை தெரியும் தூரத்தில் இருந்தது. பேங்க்கில் பதினைந்து லட்சம் கடன். காசிக்கு அப்போது முப்பத்தெட்டு வயது. கம்பெனியில் ஐம்பத்தெட்டில் அனுப்பிவிடுவார்கள். அதனால் இருபது வருஷம் என்று கேட்டு வாங்கினான். வேலையும் கடனும் ஒன்றாக முடியும். மாதம் பதினோராயிரத்து அறுநூறு ரூபாய். அதற்கு மேல் அவன் எதையும் கேட்கவில்லை. மீதியைத் தானே அளந்துகொண்டான்.

வீடு எழுநூற்று இருபது சதுர அடி. தரையில் இரண்டடிக்கு இரண்டடி டைல், மொத்தம் நூற்றெண்பது. மாதக் கணக்கில் இருநூற்று நாற்பது தவணை. அப்படியானால் ஒரு தவணைக்கு மூன்று சதுர அடி. முக்கால் டைல்.

முதல் தவணை போன அன்று வாசற்படியை ஒட்டிய டைலின் முன் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, விரலால் ஒரு கோடு இழுத்தான்.

"இதுவரிக்கும் நம்முது."

"மீதி?"

"பேங்க்கோடது."

"அப்ப எழுந்திரு," என்றாள் ஷர்மிளா. "உன் கால் ரெண்டும் பேங்க் மேல இருக்குது."

அதிலிருந்து அது வீட்டுப் பழக்கமாகிவிட்டது. ஒவ்வொரு மாதமும் தவணை போன மறுநாள், புதிதாகச் சொந்தமான இடத்தில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து டீ குடிப்பார்கள். முதல் வருஷம் முட்டி இடித்துக்கொண்டது. பிறகு கால் நீட்ட இடம் வந்தது. விருந்தாளி வந்தால் நம் இடத்தில்தான் நாற்காலி. சண்டை என்றால் பேங்க் இடம். "இந்தப் பேச்செல்லாம் அங்க போய்ப் பேசு," என்று அவள் படுக்கையறையைக் காட்டுவாள். சில மாலைகளில், ரயில் போகும்போது தரை லேசாக அதிரும். அப்போது காசிக்கு, நம் டைல்கள் மட்டும் அசையாமல் இருப்பதாகத் தோன்றும்.

ஆறு வருஷத்தில் கூடம் முழுவதும் அவர்களுடையதாகி, சமையலறையில் ஆறு டைல் உள்ளே போயிருந்தார்கள். அடுப்பு இன்னும் பேங்க்கினுடையது.

ஷர்மிளாவுக்கு ஒரு அறை வேண்டும். மாடியில், பத்துக்குப் பன்னிரண்டு, மலையைப் பார்த்து ஒரு ஜன்னல். அவள் நாள் முழுக்க தையல் ஊசியைப் பார்ப்பவள். சாயங்காலம் கண்ணை எங்காவது தூரத்தில் கொண்டுபோய் வைக்க வேண்டும் என்பாள். மாடிக்குத் தோல் வாடையும் அவ்வளவாக வராது. கொத்தனார் நான்கு லட்சம் சொன்னார். அவள் தோழிகளோடு கட்டிய சீட்டு இரண்டு லட்சம் அடுத்த மாதம் கைக்கு வருகிறது. மீதி இரண்டைப் பழைய கடனோடு சேர்த்துத் தருவார்களா என்று கேட்கத்தான் காசி அரை நாள் லீவு போட்டு பேங்க்குக்குப் போனான்.

கடன் பிரிவில் லுப்னா என்ற பெண் இருந்தாள். புதிதாக வந்தவள். கணினியைப் பார்த்துவிட்டு அவனைப் பார்த்தாள்.

"நீங்க எப்ப ரிட்டயர் ஆவீங்கண்ணா?"

"அம்பத்தெட்டுல, மேடம். லோனும் அப்பதான் முடியும்."

அவள் மறுபடி திரையைப் பார்த்தாள். "இது முடியறப்ப உங்களுக்கு அறுபத்து மூணு."

"இல்லீங்க. நான் இருபது வருஷம்தான் கேட்டேன்."

"நீங்க வாங்கறப்ப வட்டி ஏழு. அப்புறம் ஒம்பது வரிக்கும் ஏறிச்சு. இப்ப எட்டு. வட்டி ஏறினா ஒண்ணு தவணை ஏறணும், இல்ல வருஷம் ஏறணும். உங்களுக்கு வருஷத்த ஏத்தியிருக்காங்க. மெசேஜ் வந்திருக்குமே?"

வந்திருக்கும். தவணை அதே தொகைதான் போய்க்கொண்டிருந்தது. அதே தொகை போகும்போது எதற்கு மெசேஜைத் திறப்பது.

"சரி மேடம். ஆறு வருஷம் கட்டிட்டேன். அதுல எவ்ளோ கழிஞ்சிருக்குது?"

"எட்டு லட்சத்துக்கு மேல கட்டியிருக்கீங்க." அவள் திரையில் விரல் வைத்தாள். "அசல்ல கழிஞ்சது ஒண்ணே கால், ஒண்ணரை லட்சத்துக்குள்ள."

காசி சிரித்தான். வேறு யாருடைய கணக்கையோ பார்க்கிறாள் என்று நினைத்தான். அவள் ஒரு காகிதத்தை எடுத்து, அவசரமில்லாமல் சொன்னாள். மீதி இருக்கிற கடனுக்கு ஒரு மாத வட்டி எவ்வளவோ அதைப் பேங்க் முதலில் எடுத்துக்கொள்ளும். தவணையில் மிஞ்சுவதுதான் அசலுக்குப் போகும். ஆரம்பத்தில் கடன் பெரிசு, அதனால் வட்டி பெரிசு, மிச்சம் துளி. அசல் குறையக் குறையத்தான் மிச்சம் வளரும். கடைசி வருஷங்களில் கிடுகிடுவென்று இறங்கும்.

"எல்லா மாசமும் ஒரே அளவு இல்லியா?"

"தவணை ஒரே அளவுதாண்ணா. உள்ள இருக்கறது ஒரே அளவு இல்ல. இப்படியே போனா மொத்தமா முப்பத்தஞ்சு லட்சம் கிட்ட கட்டியிருப்பீங்க. மேல இன்னும் ரெண்டு லட்சம் வாங்கினா அதுவும் ஏறும். யோசிச்சு வாங்க."

"கடனக் கட்டறதுக்கு ரெண்டு லட்சம் இருந்தா?" அதை ஏன் கேட்டான் என்று அவனுக்கே தெரியவில்லை.

அவள் தட்டிப் பார்த்தாள். "அசல்ல போட்டா, தவணையைக் குறைக்காம விட்டா, அஞ்சு வருஷம் குறையும். உங்க அம்பத்தெட்டுக்குள்ள முடிஞ்சிடும்."

மத்தியானம் மெஷினில் தோலை விட்டுக்கொண்டே சத்தார் பாயிடம் சொன்னான். உருளைகளின் சத்தத்துக்கு மேலே கத்திச் சொல்ல வேண்டியிருந்தது. கத்திச் சொன்னதால் அது இன்னும் நம்ப முடியாததாக இருந்தது.

"இன்னாபா, அளக்கறவன் நீ, நீயே ஏமாந்துட்டியே," என்றார் அவர். "தோலை ஃப்ரேம்ல இழுத்து க்ளிப்பு போட்டுக் காய வெக்கறாங்கல்ல, அடி ஜாஸ்தி காட்டும். தோலு ஜாஸ்தியாயிடுச்சா? உன் வருஷத்த இழுத்து க்ளிப்பு போட்டுட்டாங்க."

"பேஜாரா இருக்குது, பாய்."

"அதுக்காக தோலை உடாம நிக்காத. அந்தப் பக்கம் சூப்பர்வைசர் வர்றான்."

காசி தோலை விட்டான். எண் விழுந்தது. அன்றைக்கு முதல்முறையாக, அந்த எண்ணை அவன் நம்பாமல் பார்த்தான்.

ஒன்றரை லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவு என்றால் பதினேழு டைல். வாசலிலிருந்து வரிசைக்கு ஆறு. மூன்று வரிசை, அதிலும் ஒன்று குறைவு. வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றியவன் மூன்றாவது வரிசையில் நின்றுவிட்டான். எதிரே கூடம் நீண்டு கிடந்தது. நாற்காலி, டிவி, சுவரில் காலண்டர். எல்லாம் தண்ணீருக்கு அந்தக் கரையில் இருப்பதுபோல இருந்தது.

ஷர்மிளா டீயோடு வந்தாள். "இன்னா, வாசல்லயே நிக்கற? கால்ல இன்னாத்த மிதிச்சிட்டு வந்த?"

"இங்கியே குடிக்கறேன்."

"லோன் இல்லன்னுட்டாங்களா?"

அவன் சொன்னான். லுப்னா சொன்ன அதே வரிசையில் சொல்லப் பார்த்தான். நடுவில் தோலும் ஃப்ரேமும் கலந்துவிட்டன. ஆனாலும் அவளுக்குப் புரிந்துவிட்டது. அவள் குனிந்து தரையைப் பார்த்தாள். பிறகு சமையலறை வரை நடந்துபோய்த் திரும்பி வந்தாள், ஒவ்வொரு டைலாகக் கால் வைத்து.

"அப்ப இந்த ஆறு வருஷமா பேங்க் இடத்துல உக்காந்துதான் டீ குடிச்சோமா?"

"முக்காவாசி நேரம்."

"போன மாசம் எங்கண்ணன் வந்தப்ப, இது நம்ம இடம், தாராளமா உக்காருன்னு சொன்னியே. அவன் உக்காந்தது?"

"பேங்க்."

அவள் சிரித்துவிட்டாள். சிரித்து முடித்ததும் முகம் வேறாக இருந்தது. இரண்டு லட்சத்தைப் பற்றியும் ஐந்து வருஷத்தைப் பற்றியும் அவன் அதற்குப் பிறகுதான் சொன்னான். அவள் டம்ளரை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள்.

அந்த மாதம் முழுக்க அறையைப் பற்றி இருவரும் பேசவில்லை. அவள் சாயங்காலம் மாடிக்குப் போவாள். கீழே இருந்தபடி காசி அவளுடைய காலடிச் சத்தத்தைக் கேட்பான். பத்து அடி ஒரு பக்கம், நின்று, திரும்பி, பன்னிரண்டு அடி. இல்லாத அறைக்குள் அவள் நடக்கிறாள். அறுபத்து மூன்று வயதில் தான் அந்த மெஷின் முன் நிற்பதை அவன் நினைத்துப் பார்த்தான். கம்பெனி வைத்துக்கொள்ளாது. வேறு எங்காவது, வாட்ச்மேனாக, யாருடைய கேட்டையோ திறந்துவிட்டுக்கொண்டு. இரண்டு படமும் அடுத்தடுத்து வந்தன. எதையும் அவளிடம் சொல்லவில்லை. சீட்டு அவளுடையது.

சீட்டுப் பணம் வந்த மறுநாள் அவள் லீவு போட்டாள். சேலை மாற்றிக்கொண்டு நின்றாள்.

"கெளம்பு."

"எங்க?"

"பேங்க்குக்கு. நீ மட்டும் போனா நீயே எதனா அளந்துட்டு வந்துடுவ."

லுப்னாவுக்கு எதிரே உட்கார்ந்து ஷர்மிளா பணத்தை எடுத்து வைத்தாள். ஷேர் ஆட்டோவில் வழியெல்லாம் மடியில் அழுத்திப் பிடித்திருந்த பை. லுப்னா கேட்டாள், "தவணையைக் குறைக்கணுமா, வருஷத்தைக் குறைக்கணுமாக்கா? தவணையைக் குறைச்சா மாசம் கையில கொஞ்சம் மிஞ்சும்."

காசி வாயைத் திறந்தான். ஷர்மிளா அவன் முழங்கையைத் தொட்டாள்.

"வருஷத்த. முடியறப்ப இவருக்கு வயசு இன்னான்னு மட்டும் சொல்லும்மா."

"அம்பத்தெட்டு ஆக கொஞ்ச மாசம் இருக்கும். வட்டி மறுபடி ஏறாம இருந்தா."

"ஏறினா?"

"மெசேஜ் வரும். வந்தவுடனே இங்க வாங்க. வருஷத்த ஏத்தாம தவணைய ஏத்தச் சொல்லிக் கேட்கலாம்."

"இனிமே மெசேஜ் என் போனுக்கு வரட்டும்," என்றாள் ஷர்மிளா.

அன்று சாயங்காலம் காசி தரையை அளந்தான். இரண்டு லட்சம் என்றால் இருபத்து நான்கு டைல். நான்கு வரிசை. கூடத்தில் ஏழாவது வரிசைக்கு வந்துவிட்டார்கள். அடுத்த மாதம் முக்கால் டைல் வராது, அரை டைலுக்கும் கொஞ்சம் குறைவுதான். அதற்கடுத்த மாதம் அதைவிட ஒரு மயிரிழை கூட. மெஷின் அளக்காத அளவு. அந்த மயிரிழை எப்படி வளர்ந்து வளர்ந்து, அவன் தலை நரைத்த பிறகு, ஒரே வருஷத்தில் ஒரு முழு அறையாக விரியும் என்று பார்த்துக்கொண்டே இருந்தான். ஈரத் தோல் ஒன்று மெதுவாக, தானாக விரிவதுபோல இருந்தது.

"மேல வா," என்று ஷர்மிளா கூப்பிட்டாள்.

மாடித் தரையில் அவள் சாக்பீஸால் கோடு போட்டிருந்தாள். ஷூ கம்பெனியில் தோலில் குறிபோடும் கைக்கு நேர்கோடு பிசகாது. பத்துக்குப் பன்னிரண்டு. ஒரு ஓரத்தில் கதவுக்கு இடைவெளி. மேற்கில், மலைக்கு நேராக, இரட்டைக் கோட்டில் ஜன்னல். உள்ளே பாய் விரித்து டீ வைத்திருந்தாள்.

காசி நேராக நடந்து பாயில் உட்கார்ந்தான்.

"யோவ், சுவத்துல பூந்து வர்ற. எழுந்து போய் கதவு வழியா வா."

அவன் எழுந்து வெளியே போனான். சுற்றிக்கொண்டு கதவு வழியாக வந்தான். வரும்போது தன்னையறியாமல் தலையைக் கொஞ்சம் குனிந்துகொண்டான். கீழே பெங்களூர் ரயில் போனது. வீடு அதிர்ந்தது. ஷர்மிளா ஜன்னலோரம் கன்னத்தில் கை வைத்து உட்கார்ந்திருந்தாள். மலை நீலமாக இருந்து, சாம்பலாகி, கோடாக மட்டும் நின்றது.

"மழை வந்தா அழிஞ்சிடும்," என்றான்.

"திரும்பப் போடுவேன். சாக்பீஸு கம்பெனியோடது."

அவள் டம்ளரை அவன் பக்கம் நகர்த்தினாள். கோட்டைத் தாண்டாமல்.