பச்சையாகிப் போன கூறைச் சேலை

இன்று, வெளிநாட்டில் நாங்கள் வாழும் நகரின் கபோ சந்தையில், புதுப்பெண் கவிதா போனை நீட்டினாள். "அக்கா, என்ரை கலியாண வீடியோ."

சிவப்புக் கூறைச் சேலை குளத்துப் பாசி நிறத்தில் இருந்தது. மாப்பிள்ளையின் முகம் நாள்பட்ட மீன்.

வீடியோக்காரருக்கு அங்கேயே போன் எடுத்தேன்.

"அது போலந்து ஒளிப்பதிவாளர் ஒருத்தற்றை ஸ்டைல், அக்கா. லென்ஸுக்கு முன்னாலை பச்சைக் கண்ணாடி போட்டே ஹொலிவூட் வரைக்கும் போனவர். கமராவிலையே போட்டு எடுத்தது, இனி மாத்தேலாது."

"அவர் அதைப் போட்டது படத்திலை கொலையைக் காட்ட. நீர் தாலி கட்டுறதுக்கும் போட்டனீரோ?"

"அதுதான் கலை, அக்கா."

கவிதா மெல்லச் சொன்னாள்: "ஊரிலை அம்மா பார்த்தா, எனக்கு ஏதோ வருத்தம் வந்து உடம்புக்கு ஏலாமப் போச்சுதெண்டு அழுவா."

கவிதாவின் கலியாணத்துக்கு வந்தவர்களே, யாருடைய போனிலாவது சேலை சிவப்பாக விழுந்திருந்தால் அனுப்புங்கள். பாதிப் படத்தை உங்கள் விரல் மறைத்திருந்தாலும் பரவாயில்லை.