ஒன்பது பேர் சேர்ந்த வகுப்பு

தபீதாள் மேடத்துக்குச் சிநேகிதர் என்று யாரும் கிடையாது. இதைச் சொல்ல எனக்கு உரிமை உண்டு. திருப்பதியில் ஒரு பல்கலைக்கழகத்தின் பதிவாளராக அவர் இருந்த ஆறு வருஷமும் அவருடைய அலுவலகக் கண்காணிப்பாளர் நான்தான். பத்து மணிக்கு வருவார், தனியாகச் சாப்பிடுவார், ஆறு மணிக்குப் போவார். அலுவலகம் முழுக்கத் தெலுங்கு. எங்கள் இருவருக்கு மட்டும் தமிழ். அதனால் என்னிடம் தினம் நாலு வார்த்தை கூடுதலாகப் பேசுவார். அதில் ஒரு வார்த்தை என் பேர், ‘இந்திராணி’.

சித்தூர் மிஷன் காம்பவுண்டில் பிறந்தவர். அரசியல் அறிவியலில் டாக்டர் பட்டம். சத்தியவேடு பக்கத்துக் கிராமங்களில் கூலிக்காரர்கள் பஞ்சாயத்துத் தேர்தலில் யாருக்கு, ஏன் ஓட்டுப் போடுகிறார்கள் என்று நான்கு வருஷம் அலைந்து எழுதியவர். அவர் பாடம் நடத்தினால் மணி அடித்தாலும் பசங்கள் எழுந்திருக்க மாட்டார்களாம். அப்படிப்பட்டவரை 1998-இல் பதிவாளர் நாற்காலியில் உட்கார வைத்தார்கள். ஃபைலைப் பிரித்துப் படிக்கிற ஒரே பேராசிரியர் என்று பேரெடுத்ததுதான் அவர் செய்த குற்றம்.

அது எல்லாரும் அமெரிக்கா போகத் தொடங்கிய காலம். மதிப்பெண் பட்டியலை உறையில் போட்டு ஒட்டி, ஒட்டிய இடத்தின் குறுக்கே பதிவாளர் கையெழுத்திட்டால்தான் அங்கே செல்லும். ஒரு நாளைக்கு அறுபது, எழுபது உறை வரும். சொந்த மகள் லீனாவையும் வரிசையில் நிற்க வைத்துத்தான் கொடுத்தார். “எங்க அம்மாகிட்ட கையெழுத்து வாங்க ஒன்றரை மணி நேரம் ஆச்சு ஆன்ட்டி” என்று அந்தப் பெண் என்னிடம் சிரித்தாள். அவளும் டல்லஸ் போய்விட்டாள். கணவர் சுந்தர்ராஜ் அதற்கு முன்பே காலமாகிவிட்டார். அதன் பிறகு ஆறு மணிக்குக் கிளம்புகிற மேடம் எட்டு மணிக்குக் கிளம்ப ஆரம்பித்தார்.

எல்லாரும் கம்ப்யூட்டர் படிக்க ஓடினால் மற்ற வகுப்புக்கு யார் வருவார்கள்? 2002-இல் மேடமே ஒரு விதி எழுதினார். கடைசித் தேதிக்குள் பத்துப் பேர் சேராத எம்.ஏ. வகுப்பு அந்த வருஷம் நடக்காது. சேர்ந்தவர்கள் வேறு பாடத்துக்கு மாற வேண்டும். முதலில் மாட்டியது தத்துவத் துறை. எட்டுப் பேர்தான். துறைத் தலைவர் வீராசாமி இரண்டே நாள் அவகாசம் கேட்டு வந்து நின்றார்.

“ஒருத்தருக்குத் தேதிய தள்ளினா அப்புறம் அது தேதியே இல்ல சார்” என்று மேடம் மறுத்துவிட்டார். வீராசாமி முகத்தைப் பார்க்க எனக்குச் சங்கடமாக இருந்தது.

அடுத்த வருஷம் அரசியல் அறிவியலில் ஒன்பது பேர்.

அது அவருடைய சொந்தத் துறை. பதவிக்காலம் முடிய ஒரு வருஷம் இருந்தது. முடிந்ததும் அங்கே போய் மறுபடி பாடம் நடத்தப் போகிறேன் என்று அதை மட்டும் கேட்காமலே சொல்வார். இந்த வருஷம் வகுப்பு நின்றால் மேலிடம் அதை மறுபடி தொடங்க விடாது என்பதும் எங்கள் எல்லாருக்கும் தெரியும்.

எனக்குப் பொறுக்கவில்லை. யாரும் சொல்லாமலே, கடைசித் தேதியை இரண்டு நாள் நீட்டிப்பதாக ஓர் உத்தரவை டைப் அடித்துக் கையெழுத்து ஃபைலில் வைத்துவிட்டேன். எடுத்தார், முழுக்கப் படித்தார், குறுக்கே கோடு போட்டார். என்னைத் திட்டக்கூட இல்லை. திட்டியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

மறுநாள் அந்த ஒன்பது பேரிடம் தானே போய்ச் சொன்னார். நானும் கூடப் போனேன். எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். கல்பனா என்ற பெண் மட்டும் எழுந்தாள். சத்தியவேட்டுப் பக்கம், கூலிக்காரர் வீட்டுப் பெண். மேடத்துக்குத் தமிழ் தெரியும் என்று யாரோ சொல்லியிருக்க வேண்டும்.

“மேடம், எங்க அக்காவும் டிகிரி முடிச்சிக்கீறா. மெட்ராஸ்ல எக்ஸ்போர்ட் கம்பெனிக்குப் போய்க்கினு கீறா. நாளைக்கே இட்டுக்கினு வந்துட்றேன், பத்தாயிடும்.”

“தேதி நேத்தோட முடிஞ்சிடுச்சும்மா.”

“நேத்துன்னு யாரு மேடம் வெச்சது?”

மேடம் “நான்தான்” என்றார்.

ஆறு பேர் வேறு பாடத்துக்கு மாறினார்கள். மாறாத மூன்று பேரில் கல்பனா ஒருத்தி. மூன்றாம் நாள் மாற்றுச் சான்றிதழ் கேட்டு வந்தாள். விலகும் காரணம் என்ற இடத்தில் ‘சொந்த விருப்பம்’ என்று நாங்கள் எல்லாருக்கும் அடிப்பதுதான் வழக்கம். மேடம் அதன் மேல் கோடு போட்டுவிட்டு, ‘பதிவாளரின் உத்தரவு’ என்று பேனாவால் எழுதினார்.

“இப்படி எழுதிக் குடுத்தா தண்டனைன்னு நெனச்சு வேற எந்தக் காலேஜ்லயும் அந்தப் பொண்ண சேர்த்துக்க மாட்டாங்க மேடம்” என்றேன்.

அந்தத் தாளைக் கிழித்துப் போட்டார். பிறகு வேறொன்று அடித்து வரச் சொன்னார். ‘சொந்த விருப்பம்’ என்று அடித்துக் கொண்டுபோய் வைத்தேன். படிக்காமல் கையெழுத்துப் போட்டார். நான் பார்க்க அவர் படிக்காமல் போட்ட ஒரே கையெழுத்து அது.

பேனாவை மூடிவிட்டு, என்னைப் பார்க்காமல் சொன்னார்: “அந்த ரெண்டு நாள் குடுத்திருக்கலாம் இந்திராணி. வீராசாமி சாருக்கே குடுத்திருக்கலாம்.”

அடுத்த வருஷம் பதவிக்காலம் முடிந்தபோது, அவர் திரும்பிப் போக வகுப்பு இல்லை.