மதினியின் ஜெல்லியும் என் கல்மிட்டாயும்

பழுத்த மிளகாயும் விளாங்காய்ச் சாறும் சீனியோடு சேர்ந்து கொதிக்கிற வாசனை உங்களில் யாருக்காவது தெரியுமா? முதல் மூச்சில் நாக்கில் எச்சில் ஊறும்... அடுத்த மூச்சில் தும்மல் வரும்.

அறுபதுகளில், ஆலங்குடிப் பக்கம் எங்கள் வீட்டு அடுப்படியில் அந்த வாசனை கிளம்பிய நாளில்தான் எனக்கு வயிற்றெரிச்சல் ஆரம்பித்தது.

மிளகாயால் இல்லை. மதினியால்!

அதற்கு முன்னால் வீட்டில் நான்தான் ராணி. மூணாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவள்தான், ஆனால் கடலை உருண்டை பிடிப்பதில் என்னை அடிக்க ஆள் கிடையாது. அண்ணன் புதுக்கோட்டை பஸ்ஸில் கண்டக்டர். தினமும் காலையில் நான் பிடித்த உருண்டை அவர் காக்கிச் சட்டைப் பையில் ஏறும். "அன்னம் உருண்டை இல்லாம நம்ம வண்டி கெளம்பாதுப்பா" என்று டிரைவரிடம் சொல்வாராம். எனக்கு அது போதும்.

பிறகு அண்ணனைக் கட்டிக்கொண்டு ஆவூரிலிருந்து மதினி வந்தார்கள். கல்யாணத்துக்கு முன்னால் திருச்சியில் கன்னியாஸ்திரிகள் மடத்து அடுப்படியில் வேலை பார்த்தவர்கள். வரும்போது கையோடு ஒரு கண்ணாடி சீசாவையும், 'ஜெல்லி' என்கிற வார்த்தையையும் கொண்டுவந்தார்கள்.

சீசாவை வெயிலில் காட்டினால் செம்பருத்தி மாதிரி மின்னும். உள்ளே மிளகாய்த் துணுக்குகள் மிதக்காமலும் முங்காமலும் அந்தரத்தில் நிற்கும். கரண்டியில் எடுத்தால் நடுங்கும். இட்லியோடு வாயில் போட்டால் இனிப்பு... புளிப்பு... விழுங்கின பிறகு தொண்டையில் மெதுவாக ஒரு உறைப்பு.

அண்ணன் அன்றைக்கு இலையை விட்டு எழுந்திருக்கவே இல்லை. என் உருண்டை மாடத்திலேயே கிடந்தது.

"அண்ணே, உருண்டை..."

"நீயே தின்னு அன்னம். மதினி டப்பாவுல ஜெல்லி வச்சுருக்கா."

எனக்கு எப்படி இருந்திருக்கும்!

'கண்ணாடிக் கூழு' என்று ஜெல்லிக்குப் பட்டம் வைத்தேன். மதினியும் கூடச் சேர்ந்து சிரித்தார்கள். அதுதான் தாங்கவில்லை. சண்டைக்காரி மதினி என்றால் பொறாமைப்படுவது சுலபம். இவர்களோ என்னைக் கூப்பிட்டு உட்காரவைத்துச் சொல்லிக்கொடுத்தார்கள்.

"இங்கிட்டு வா அன்னம், நீயும் கத்துக்க. காய் ரொம்பப் பழுத்துறக் கூடாது. செங்காயா இருந்தாத்தான் ஒறையும்."

காயை உடைத்து, வேகவைத்து, துணியில் கட்டித் தொங்கவிட்டார்கள். நான் கையை நீட்டினேன்.

"பிழிஞ்சுறாத! பிழிஞ்சா கலங்கிப் போகும். தானா சொட்டட்டும்."

சொட்டின சாற்றில் சீனி, விதை எடுத்த மிளகாய், எலுமிச்சைச் சாறு. அடுப்பில் ஏறியது. "இனிமேதான் பாகு. கவனமாப் பாரு..." என்றார்கள்.

கடலை விளைகிற ஊர்க்காரிக்கு ஆவூர்க்காரி பாகு சொல்லித் தருவதா?

"பாகெல்லாம் எங்களுக்குத் தெரியும் மதினி. அதையும் நீங்களே சொல்லணுமா?" என்று எழுந்து வந்துவிட்டேன்.

மதினி ஆவூர் மாதா கோயில் திருவிழாவுக்குப் போன வாரம், நான் அடுப்பைப் பற்றவைத்தேன். செங்காயாகப் பொறுக்கினேன். துணியைப் பிழியவில்லை. எல்லாம் சரி. பாகுதான்...

கடலை உருண்டைக்குப் பாகு எப்படிப் பார்ப்போம்? ஒரு சொட்டைத் தண்ணீரில் விட்டு, உருட்டி, தட்டில் போட்டால் 'டங்'கென்று சத்தம் வரவேண்டும். நானும் அந்தச் சத்தத்துக்காகக் காத்திருந்தேன். கண்ணில் நீர் கொட்டுகிறது, இருமல் பிய்க்கிறது, சட்டியில் சாறு சுண்டிக்கொண்டே போகிறது... கடைசியில் வந்தது பாருங்கள், டங்! சந்தோஷமாகக் கிண்ணத்தில் ஊற்றிவைத்தேன்.

காலையில் கரண்டி கிண்ணத்தில் நட்டது நட்டபடி நின்றது.

"ஏ அன்னம், கரண்டி வேர் விட்ருச்சா?" என்றார் அண்ணன்.

"வீடு கட்ட அஸ்திவாரத்துக்கு ஆகும், எடுத்து வையி" என்றது ஆத்தா.

எனக்கு அழுகை முட்டியது. அண்ணன் என்ன நினைத்தாரோ, கிண்ணத்தைக் கவிழ்த்து அம்மிக் குழவியால் ஒரு தட்டுத் தட்டினார். சிவப்புச் சிவப்பாகச் சில்லு தெறித்தது. ஒன்றை எடுத்துக் கடைவாயில் ஒதுக்கிக்கொண்டார். பிறகு "ஸ்ஸ்..." என்றார். அப்புறம் பை நிறைய அள்ளிக்கொண்டு கிளம்பிவிட்டார்.

சாயங்காலம் வந்து ஆத்தாவிடம் சொல்கிறார், "ஒரு சில்லுதான் ஆத்தா, புதுக்கோட்டை வரைக்கும் ஓடுச்சு. கத்திக் கத்தித் தொண்டை வறண்டு போகும்ல, இன்னைக்கு அது இல்ல. டிரைவரும் 'கல்மிட்டாய்'னு பேரு வச்சுக் கேட்டு வாங்கிட்டாரு."

மதினி திரும்பி வந்தபோது ஜெல்லி சீசா வைத்த இடத்தில் வைத்தபடி இருந்தது. அண்ணன் சட்டைப் பையோ கலகலவென்று சத்தம் போட்டது. மதினி முகத்தைப் பார்க்கணுமே! வாய் சிரித்தது, கண் சிரிக்கவில்லை.

"அன்னம்... அந்தப் பாகு எப்புடி எடுத்த?"

"டங்குனு சத்தம் வரணும் மதினி. நீங்க மடத்துல அதக் கத்துக்கலையா?"

அன்றைக்கு நான் தின்ற சோறு மாதிரி ருசியான சோறு இன்றுவரை தின்றதில்லை.

இப்போது என்ன... காரமும் இனிப்புமாக ஜெல்லி கடையில் பாட்டில் பாட்டிலாக அடுக்கியிருக்கிறது. போனில் தட்டினால் வாசலுக்கே வருகிறது. யார் கிண்டியதோ, யார் பாகு எடுத்ததோ, பொறாமைப்படக்கூட ஒரு முகம் இல்லை.

நான் இன்னமும் கிறிஸ்துமஸுக்குக் கல்மிட்டாய் போட்டு அண்ணன் வீட்டுக்குக் கொண்டுபோகிறேன். போன தடவையும் போனேன். அண்ணன் ஒரு சில்லை எடுத்தார், வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார், திரும்ப டப்பாவிலேயே வைத்துவிட்டார். வாயில் ஒரு பல்கூட இல்லை.

மதினி எழுந்து போய், சீசாவைத் திறந்து, நடுங்குகிற ஜெல்லியை நடுங்குகிற கையால் அண்ணன் வாயில் ஊட்டினார்கள். ஊட்டிவிட்டு, என்னைப் பார்த்தார்களே ஒரு பார்வை...

"என்ன அன்னம், டங்குனு சத்தம் கேட்டுச்சா?"