திருக்கைக்குப் பிரசவம் பார்த்த தோட்டத்து சனம்

பிள்ளைகளே, உங்கள் அம்மாவும் நானும் ஒரு மீனின் பிரசவத்துக்குத் தண்ணீர் சுமந்தோம் என்றால் நீங்கள் நம்புவதில்லை. "அப்பா அளக்கிறாரு" என்று ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரிக்கிறீர்கள். அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். ஒரு சொல்லும் கூட்டவில்லை.

எழுபதுகளின் கடைசி. நாங்கள் ஜெலாப்பாங்குக்குக் குடிவருவதற்கு முன்பு, ஈப்போவுக்கு வெளியே ஒரு ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டிக்கொண்டிருந்தோம். மாசி மகம் வந்தால் போதும், பாதித் தோட்டம் லாரி ஏறி லுமுட் கடற்கரைக்குப் போய்விடும். கடலில் முழுகி, சாமி கும்பிட்டு, அங்கேயே அண்டாவில் சோறாக்கி வந்தவர்களுக்கெல்லாம் போட்டுவிட்டுத் திரும்புவோம். அந்த வருஷம் மூத்தவள் கைக்குழந்தை.

சாப்பாடு முடிந்து பாத்திரங்களைக் கழுவி லாரியில் ஏற்றியாகிவிட்டது. கடலை ஒட்டி ஒரு மீன் காட்சிசாலை இருந்தது. அந்தக் கரையில் கிடைக்கிற மீன்களையே உயிரோடு வைத்திருந்தார்கள். "இவ்ளோ தூரம் வந்தாச்சு, பாத்துட்டே போலாம் லா" என்றார் லாரி ஓட்டி வந்த அண்ணன்.

அடேயப்பா! எங்களுக்கு மீன் என்றால் தோட்டத்துக்கு வரும் மீன்காரன் பெட்டியில் கண் வெளுத்துக் கிடப்பதுதான். இங்கே கெளுத்தி மீசையை ஆட்டிக்கொண்டு எங்களை முறைக்கிறது! கவிழ்த்துப் போட்ட இரும்புச் சட்டி மாதிரி ஒரு நண்டு, வாலை இழுத்துக்கொண்டு நடக்கிறது! பெரியவர்களே பிள்ளைகளைத் தள்ளிவிட்டுக் கண்ணாடியில் மூக்கை ஒட்டினார்கள்.

"யக்கா, இங்க வா! போன வாரம் ஒன் சட்டியில கெடந்தவன் இங்க நீந்துறான்!"

"அவன் அண்ணன்காரனா இருப்பான். ஒன்னையத்தான் தேடுறான், ஓடிரு!"

கூடத்தின் நடுவில், இடுப்பு உயரத்துக்கு ஒரு சிமெண்டுத் தொட்டி. மேலே திறந்திருந்தது. அதற்குள் பெரிய முறத்தின் அகலத்துக்கு ஒரு திருக்கை. உங்கள் அம்மா எட்டிப் பார்த்துவிட்டு என்னை இடித்தாள். "ஏங்க, பால் ஊறணும்னு பிள்ளை பெத்தப்ப எனக்கு வாங்கியாந்து போட்டீங்களே, இதைத்தானே?"

தொட்டிகளைப் பார்த்துக்கொள்ளும் மலாய்க்காரப் பெரியவர் பக்கத்தில் நின்றார். அவர் மலாயில் சொன்னதை லாரி அண்ணன் எங்களுக்குச் சொன்னார். இந்தத் திருக்கை முட்டை இடாது, குட்டிதான் போடும். இன்றைக்கோ நாளைக்கோ போட்டுவிடும். அவர் பல நாளாக இதற்காகவே காத்துக்கொண்டிருக்கிறார்.

உங்கள் அம்மாவின் முகம் மாறிவிட்டது. அதற்குப் பிறகு வேறு எந்தத் தொட்டிக்கும் அவள் போகவில்லை.

அந்த நேரத்தில் பட்டென்று கரண்டு போனது. விளக்கு அணைந்தது பெரிதில்லை, பகல்தானே. தொட்டிக்குள் காற்று ஊதும் குழாயும் நின்றுவிட்டது. நுரைத்துக்கொண்டிருந்த தண்ணீர் அசையாமல் கிடந்தது. கொஞ்ச நேரத்தில் திருக்கை ஓரமாக ஒதுங்கி, ரொம்ப வேகமாக மூச்சு வாங்கத் தொடங்கியது. பெரியவர் ஒரு வாளியைத் தூக்கிக்கொண்டு கடலுக்கு ஓடினார். மொண்டு வந்து உயரத்திலிருந்து ஊற்றினார். ஊற்றிய இடத்தில் திருக்கை கொஞ்சம் தெளிந்தது. அவர் மறுபடி ஓடினார். ஒற்றை ஆள், எத்தனை தடவை ஓடுவார்? "மாத்தி, மாத்தி" என்று அவர் முனகிக்கொண்டே போனார். மலாயில் 'மாத்தி' என்றால் சாவு. செத்துப்போகும் என்று சொல்கிறார். அது எங்களுக்கே புரிந்தது.

"என்னா பாத்துக்கிட்டு நிக்கிறீங்க? லாரியில இருக்கிற வாளிய எல்லாம் எறக்குங்க லா!" என்று லாரி அண்ணன் கத்தினார்.

அவ்வளவுதான்! அலையடியிலிருந்து தொட்டிவரை வரிசை கட்டி நின்றுவிட்டோம். வாளி, குடம், தவலை எல்லாம் கைக்குக் கை மாறி வந்தன. முதல் வாளி தொட்டிக்கு வந்ததும் உங்கள் அம்மா குழந்தையை அடுத்தவளிடம் கொடுத்துவிட்டுக் குறுக்கே பாய்ந்தாள்.

"நில்லு! இது சாம்பார் வாளி!"

"கழுவியாச்சுக்கா!"

"மோந்து பாரு. பால் வாளிய இப்படித்தான் கொண்டு போவியா நீ?"

ரப்பர்ப் பால் தெரியாதவர்களுக்கு இது விளங்காது. வாளியில் புளிப்பு ஒட்டியிருந்தாலும், பால் நிறுக்கும் ஸ்டோருக்குப் போவதற்குள் பால் கட்டியாகிவிடும், அன்றைய உழைப்பு போச்சு. அதனால் வாளியை மோந்து பார்க்காமல் மரத்துக்குப் போகமாட்டோம். உங்கள் அம்மா தொட்டி ஓரமாக நின்றுகொண்டு, வந்த வாளியையெல்லாம் மோந்து பார்த்தாள். சாம்பார், ரசம், எண்ணெய் வாசனை இருந்தால் மணல் போட்டுத் தேய்க்கத் திருப்பி அனுப்பினாள். பெரியவருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் அவள் மூக்கைச் சுளிப்பதைப் பார்த்ததும் விஷயம் பிடிபட்டு, அவரும் மோந்து பார்க்க ஆரம்பித்துவிட்டார்!

கை கடுத்தது. வேட்டி, சேலை எல்லாம் சொட்டச் சொட்ட நனைந்தன. "ஏய், விடாத! தள்ளு, தள்ளு!" என்று ஒரே கூச்சல். திடீரென்று உங்கள் அம்மா அலறினாள்.

"வருது! என்னாங்க, வருது!"

வரிசை உடைந்து எல்லாரும் தொட்டிக்கு ஓடிவந்தோம். சுருட்டிய வெற்றிலை மாதிரி ஒன்று தாயிடமிருந்து நழுவியது. தண்ணீரில் இறங்கியதும் மெல்ல விரிந்து, இரண்டு பக்கமும் சிறகடித்துப் போனது! பின்னாலேயே இன்னொன்று. பெண்கள் தாமாகக் குலவையிட்டார்கள். பெரியவர் கண்ணைத் துடைத்துக்கொண்டே, வரிசைக்குத் திரும்பச் சொல்லிக் கையால் காட்டினார். தாய் பிழைக்க வேண்டுமே! மறுபடி ஓடிப்போய் அவரவர் இடத்தில் நின்றோம். கரண்டு வந்து குழாய் நுரைத்த பிறகுதான் வாளியைக் கீழே வைத்தோம்.

லாரி தோட்டம் வந்து சேரும்வரை ஒரே பேச்சு. எனக்கு மட்டும் உள்ளே ஒரு அரிப்பு. தாய் உயிரோடு இருக்குமா?

அடுத்த ஓய்வு நாளில் யாரிடமும் சொல்லாமல் தனியாக பஸ் ஏறிப் போனேன். பெரியவர் தொழுகைக்குப் போயிருந்தார். தாய் தொட்டியின் அடியில் படுத்திருந்தது. குட்டிகள் அதன் முதுகுமேல் ஏறி விளையாடின. நமக்குச் சொந்தமில்லாத ஓர் உயிருக்காகப் பதறிய அந்தப் பகலைப்போல என் மனசு நிறைந்த நாள் இன்றுவரை வேறில்லை. குழாய் நன்றாகத்தான் ஓடிக்கொண்டிருந்தது. இருந்தாலும் மூலையில் இருந்த வாளியை எடுத்து மோந்து பார்த்தேன். கடலில் இறங்கி ஒரு வாளி மொண்டு வந்து, குட்டிகள் பயப்படாமல் ஓரமாக ஊற்றிவிட்டு வந்தேன்.