அப்பா பார்க்காத மூன்று ஞாயிறுகள்

ஏழு வயதில் மூன்று வாரம் நான் தொலைக்காட்சியில் வந்தேன். பள்ளி நாடகத்தில் என்னைப் பார்த்த ஒருவர், மலையாளக் குழந்தைத் தொடர் ஒன்றில் நடிக்கக் கேட்டார். நாற்று நடவைப் பாதியில் விட்டுவிட்டு அப்பா என்னைத் திருவனந்தபுரத்துக்கு ரயிலில் அழைத்துப் போனார். படப்பிடிப்புக் கூடத்துக்குள் பெற்றோரை விடவில்லை. என் செருப்பைக் கையில் வைத்துக்கொண்டு அவர் வெளியே உட்கார்ந்திருந்தார். மூன்று வாரக் கதை எடுப்பதற்குள் எனக்கு முன்பல் இரண்டும் விழுந்துவிட்டன. கதையில் என்னை மாமா வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அத்தோடு முடிந்தது.

மலையாள எல்லையிலிருக்கும் கொல்லங்கோட்டில் எங்கள் தெருவுக்கு ஒரே டிவி பெட்டி, மளிகைக் கடை ராவுத்தர் வீட்டில். தமிழ்ப் படத்துக்காக ஆண்டெனாவைக் கொடைக்கானல் ஒளிபரப்புக் கோபுரத்தின் பக்கமே திருப்பி வைத்திருப்பார்கள். மலையாளம் வேண்டுமென்றால் மேற்கே திருப்ப வேண்டும். திருப்பினாலும் மலைக் கணவாய்க் காற்று அதை நிற்க விடாது. அப்பா ஓட்டின் மேல் ஏறி ஆண்டெனாக் குழாயைப் பிடித்துக்கொண்டார்.

“ஏனுங்க, வந்துருச்சா?”

“வந்துருச்சுங்க! கைய எடுத்தீங்கன்னா உங்க பொண்ணு புள்ளி புள்ளியாப் போயிருவா!” என்று ராவுத்தர் உள்ளேயிருந்து கத்தினார்.

மூன்று ஞாயிறும் அப்படித்தான்.

போன மாதம் அப்பாவுக்குக் கண் அறுவை சிகிச்சை நடந்தது. கட்டுப் பிரித்த மறுநாள், என் மகள் கைபேசியில் அவருக்கு ஏதோ காட்டிக்கொண்டிருந்தாள். “நீ நடிச்சத இதுல பாக்க முடியுமா கண்ணு?” என்று என்னிடம் கேட்டார். இத்தனை வருடத்தில் அவர் அதைக் கேட்டது அதுதான் முதல் தடவை.

தொலைக்காட்சி நிலையத்துக்கு நாலு தடவை போன் செய்தேன். கடைசியில் பேசிய பெண் பொறுமையாகவே சொன்னார். அந்தக் காலத்தில் வீடியோ நாடா கிடைப்பது கஷ்டம், ஒளிபரப்பு முடிந்ததும் அதன் மேலேயே வேறு நிகழ்ச்சியைப் பதிந்துவிடுவார்களாம். போனை வைத்த பிறகு அதிலிருந்த மகளின் படங்களைத் தள்ளிப் பார்த்தேன். என் மகள் தவழ்ந்தது, பாடியது, அழுதது எல்லாம் என் கைபேசியில் இருக்கிறது. அப்பாவிடம் காட்ட என்னிடம் ஒரு நிமிடம்கூட இல்லை.

ஐந்து நாள் மறைத்தேன். ஆறாம் நாள் சொன்னேன்.

“போச்சாது, உடு,” என்றார். பிறகு கேட்டார், “மூணாவது வாரம் உள்ள அத்தன பேரும் சிரிச்சாங்கல்லோ, மேல எனக்குக் கேட்டுது. அப்படி என்ன கண்ணு பண்ணுன?”

படப்பிடிப்புக் கூடத்து விளக்குகளின் சூடு நினைவிருக்கிறது. என்ன செய்தேன் என்று நினைவில்லை.

“நானும் பாக்கலீங்கப்பா. வெளிய நின்னுட்டு இருந்தேன்.”

“எதுக்கு?”

“நீங்க வழுக்கி உழுந்துருவீங்களோன்னு உங்களையே பாத்துட்டு இருந்தேனுங்க.”

அப்பா மருந்து வழிந்த கண்ணைத் துண்டால் ஒற்றிக்கொண்டார்.

“கிறுக்குப் புள்ள,” என்றார். “நம்மள்ல ஒருத்தராச்சும் பாத்திருக்கோணும்.”